ஒப்பந்தம் எதைக் காக்கிறது? எண்ணெய்க் கிணற்றுச் சேவை நிறுவனங்களின் தொழில் இடர்கள்

1. கேள்வி

எண்ணெய்த் தொழில் என்றதும் பி.பி., ஷெல், ஓ.என்.ஜி.சி. போன்ற பெயர்களே நினைவுக்கு வருகின்றன. கிணற்றடியில் நடக்கும் வேலையில் பெரும்பகுதியைச் செய்பவர்கள் வேறு நிறுவனத்தார். துளையிடும் எந்திர மேடையான ரிக்கை வைத்திருப்பது ஒரு நிறுவனம். துளையிடும்போது உள்ளே சுற்றிவரும் சேற்றின் அடர்த்தியைப் பார்த்துக்கொள்வது இன்னொன்று. குழாயைச் சுற்றிச் சிமென்ட் இறைப்பது மூன்றாவது நிறுவனம். பாறை அடுக்குகளை அளந்து பதிவெடுப்பது நான்காவது. இவற்றையே எரிசக்திச் சேவை நிறுவனங்கள் என்கிறோம். மின் சிக்கனத் திட்டங்களை நடத்தும் நிறுவனங்களையும் இப்பெயரால் அழைப்பதுண்டு. இக்கட்டுரை எண்ணெய், எரிவாயுக் கிணறுகளில் வேலை செய்யும் நிறுவனங்களை மட்டுமே எடுத்துக்கொள்கிறது.

இத்தொழிலுக்கு நூறாண்டு வரலாறு உண்டு. 1919இல் அமெரிக்காவில் எர்ல் ஹாலிபர்ட்டன் தொடங்கிய நிறுவனம் கிணறுகளுக்குச் சிமென்ட் இறைத்து வளர்ந்தது. 1927இல் பிரான்சின் பெஷெல்ப்ரோன் எண்ணெய் வயலில் ஷ்லம்பர்ஜர் சகோதரர்களின் குழு கிணற்றுக்குள் முதல் மின்தடைப் பதிவை எடுத்தது. அன்று முதல் இந்நிறுவனங்களின் அடிப்படை நிலை பெரிதாக மாறவில்லை. மண்ணுக்கடியில் இருக்கும் எண்ணெய் இவர்களுடையது அன்று. நாள் வாடகைக்கோ வேலைக்கான கட்டணத்துக்கோ உழைப்பையும் கருவியையும் அறிவையும் விற்கிறார்கள்.

எண்ணெயில் பங்கில்லாத நிறுவனம் எண்ணெயின் இடரில் எவ்வளவு பங்கேற்கிறது? அந்தப் பங்கை ஒப்பந்தங்களால் குறைக்க முடிகிறதா, இன்னொருவர் தலைக்கு மாற்ற மட்டுந்தான் முடிகிறதா? இக்கட்டுரை ஆராயும் கேள்வி இதுதான். 2010இல் மெக்சிகோ வளைகுடாவில் நடந்த மகோண்டோ எண்ணெய்க் கிணற்று விபத்து முதன்மைச் சான்று. 2014க்குப் பிந்தைய விலைச் சரிவும், அஸ்ஸாமின் பாக்ஜான் கிணற்று விபத்தும் துணைச் சான்றுகள்.

2. நிலவும் புரிதல்: பட்டியலாக இடர்

சேவை நிறுவனத்தின் இடர்களைத் தெரிந்துகொள்ள முதலீட்டாளர் முதலில் புரட்டுவது ஆண்டறிக்கையை. அமெரிக்கப் பங்குச் சந்தை ஒழுங்காணையம் 2005 முதல், பட்டியலிடப்பட்ட நிறுவனங்கள் ‘இடர்க் காரணிகள்’ என்னும் தனிப் பகுதியை ஆண்டறிக்கையில் சேர்க்க வேண்டும் என்று விதித்தது. பல நிறுவனங்களில் அப்பகுதி பக்கம் பக்கமாக வீங்கியது. 15 பக்கத்தைத் தாண்டினால் இரண்டு பக்கத்துக்குள் சுருக்கமும் தரவேண்டும் என்று 2020இல் ஆணையம் விதியைத் திருத்த வேண்டியிருந்தது.

அப்பகுதிகளில் திரும்பத் திரும்ப வரும் தலைப்புகள் ஏறத்தாழ ஒன்றே. எண்ணெய் விலை வீழ்ந்தால் வாடிக்கையாளர்கள் செலவைக் குறைப்பார்கள். வருவாயில் பெரும்பங்கு சில வாடிக்கையாளர்களைச் சார்ந்தது. வெளிநாடுகளில் போர், பொருளாதாரத் தடை, சொத்துப் பறிமுதல் நேரலாம். கிணறு பீறிட்டால் வழக்குகள் வரும். சுற்றுச்சூழல் விதிகள் இறுகலாம். பயிற்சி பெற்ற ஆட்கள் கிடைக்காமல் போகலாம்.

இவை எதுவும் பொய்யல்ல. இப்பட்டியலின் குறை அதன் அமைப்பில் இருக்கிறது. இடர்கள் ஒன்றுக்கொன்று தொடர்பற்றவை போல வரிசையாக நிற்கின்றன. விலைச் சரிவு ஒரு பத்தி, ஆள் பற்றாக்குறை இன்னொரு பத்தி, விபத்து மூன்றாவது பத்தி. விலைச் சரிவுதான் அனுபவசாலிகளை வீட்டுக்கு அனுப்புகிறது, அனுபவசாலி இல்லாத கிணற்றடியில் எச்சரிக்கையைப் படிக்க ஆளில்லாமல் போகிறது என்ற தொடர்ச்சி அதில் தெரிவதில்லை. இடர் யாருக்கு என்ற கேள்வியும் அங்கே எழுவதில்லை. பங்குதாரருக்கு நேரக்கூடிய இழப்பைச் சொல்லவே அந்தப் பகுதி எழுதப்படுகிறது. அதைப் படித்து ஒரு நிறுவனத்தின் இடர் முழுவதையும் அறிந்ததாகக் கொள்வது பிழை.

3. கவசம்: அவரவர் இழப்பு அவரவருக்கு

விபத்து இடரைச் சமாளிக்க இத்தொழில் கண்ட வழி, பொறுப்புப் பங்கீட்டு ஒப்பந்தம். தொழிலில் இதை ‘நாக் ஃபார் நாக்’ என்பார்கள். யார் தவறு செய்திருந்தாலும் உன் ஆளுக்கும் உன் கருவிக்கும் நேர்ந்த இழப்பை நீ ஏற்றுக்கொள், என் ஆளுக்கும் என் கருவிக்கும் நேர்ந்ததை நான் ஏற்கிறேன் என்பதே சாரம். கிணற்றிலிருந்து வெளியேறும் எண்ணெயால் விளையும் மாசுக்குப் பெரும்பாலும் கிணற்றை நடத்தும் நிறுவனமே பொறுப்பு. ரிக்கிலிருந்து சிந்தும் டீசலுக்கு ரிக் நிறுவனம் பொறுப்பு. மகோண்டோவில் ரிக்கை வைத்திருந்த டிரான்ஸ்ஓஷன் நிறுவனத்துக்கும் கிணற்றை நடத்திய பி.பி.க்கும் இருந்த ஒப்பந்தமும் இப்படித்தான் கோடு கிழித்தது. நீர்ப்பரப்பிலோ அதற்கு மேலோ தோன்றும் மாசு டிரான்ஸ்ஓஷனுக்கு. அதற்குக் கீழே தோன்றுவது பி.பி.க்கு.

இதை ஆதரிப்போரின் வாதம் வலுவானது. கிணறு வெற்றி பெற்றால் பல்லாண்டுகள் எண்ணெய் எடுத்துப் பயனடைபவர் கிணற்றை நடத்துபவர். சிமென்ட் இறைத்தவருக்குக் கிடைப்பது ஒரு வேலைக்கான கூலி. அந்தக் கூலியை வைத்துக்கொண்டு கடற்கரை முழுவதற்கும் நட்டஈடு கட்டு என்றால் எந்தச் சேவை நிறுவனமும் ஆழ்கடலுக்கு வராது. ஒரே இழப்புக்கு ஐந்து நிறுவனங்களும் தனித்தனியே காப்பீடு எடுப்பது வீண் செலவு. விபத்துக்குப் பின் யார் தவறு என்று ஆண்டுக்கணக்கில் வழக்காடுவதையும் இது தவிர்க்கும்.

எதிர்வாதமும் பழையதே. பேரம் பேசும் வலிமை இல்லாத சிறு ஒப்பந்தக்காரர்கள், பெரிய நிறுவனங்கள் செய்த தவறுக்கும் சேர்த்துப் பொறுப்பேற்கக் கையெழுத்திட வேண்டியிருந்தது. இந்த நிலையைக் கட்டுப்படுத்தவே டெக்சஸ் 1973இலும் லூயிசியானா 1981இலும் தனிச் சட்டங்கள் இயற்றின. இருதரப்பு விருப்பம் என்ற பெயரில் வலியவர் எளியவர் மீது சுமையை ஏற்றுவதும் நடக்கிறது என்பதை எண்ணெயால் வாழும் மாநிலங்களே ஒப்புக்கொண்டதற்கு இச்சட்டங்கள் சாட்சி.

4. மகோண்டோ: கவசத்துக்கு வந்த சோதனை

4.1 நடந்தது

மகோண்டோ கிணறு லூயிசியானா கரைக்கு அப்பால், சுமார் 5,000 அடி ஆழக் கடலில் துளையிடப்பட்டது. உரிமையில் பி.பி.க்கு 65 விழுக்காடு, அனடார்கோவுக்கு 25, ஜப்பானின் மிட்சுயி குழுமத்தைச் சேர்ந்த மோஎக்ஸ் நிறுவனத்துக்கு 10. டீப்வாட்டர் ஹொரைசன் என்ற ரிக் டிரான்ஸ்ஓஷனுடையது. சிமென்ட் வேலை ஹாலிபர்ட்டனுடையது. துளையிடும் சேறு எம்-ஐ ஸ்வாகோவின் பொறுப்பு. கடலடியில் கிணற்று வாயில் நின்ற பீறிடல் தடுப்பானைச் செய்தது கேமரூன்.

வேலை திட்டமிட்டதைவிட ஏறத்தாழ ஆறு வாரம் பின்தங்கி, செலவு 5.8 கோடி டாலருக்கு மேல் கூடியிருந்தது என்று அமெரிக்க அதிபர் அமைத்த தேசிய ஆணையம் 2011 ஜனவரியில் வெளியிட்ட அறிக்கையில் பதிவுசெய்தது. ரிக்கின் நாள் வாடகை மட்டும் சுமார் 5 லட்சம் டாலர். குழாயைத் துளையின் நடுவில் நிறுத்தும் சென்ட்ரலைசர்கள் 21 வேண்டும் என்று ஹாலிபர்ட்டனின் கணிப்பு சொன்னது. கையிலிருந்த 6 மட்டும் பயன்படுத்தப்பட்டன. நைட்ரஜன் நுரை கலந்த சிமென்ட் நிலையாக நிற்குமா என்று ஹாலிபர்ட்டன் ஆய்வகம் முன்னரே செய்த சோதனைகளில் கவலைக்குரிய முடிவுகள் இருந்தன. சிமென்ட் பிடித்ததா என்று பார்க்க ஷ்லம்பர்ஜர் குழு ரிக்குக்கு வந்திருந்தது. 2010 ஏப்ரல் 20 காலை, சோதனை எதுவும் செய்யாமலே அக்குழு திருப்பி அனுப்பப்பட்டது. அந்தச் சோதனைக்கு ஆகியிருக்கும் செலவு சுமார் 1.28 லட்சம் டாலர்.

அன்று மாலை கிணற்றின் அழுத்தச் சோதனையில், பூச்சியமாக இருக்கவேண்டிய துளைக்குழாயில் சதுர அங்குலத்துக்கு 1,400 பவுண்டு அழுத்தம் காட்டியது. கிணறு அடைபடவில்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான அறிகுறி வேண்டியதில்லை. ரிக்கில் இருந்தவர்கள் அதற்கு வேறொரு விளக்கம் சொல்லிக்கொண்டார்கள். கரையிலிருந்தும் யாரும் தடுக்கவில்லை. இரவு பத்து மணிக்குச் சற்று முன் கிணறு பீறிட்டது. 87 நாள் எண்ணெய் கடலில் கலந்தது.

ரிக்கில் இருந்தோர் 126 பேர். அவர்களில் பி.பி. ஊழியர் 7 பேர், டிரான்ஸ்ஓஷன் ஊழியர் 79 பேர், மற்றவர்கள் பிற சேவை நிறுவனத்தார். இறந்த 11 பேரில் 9 பேர் டிரான்ஸ்ஓஷனையும் 2 பேர் எம்-ஐ ஸ்வாகோவையும் சேர்ந்தவர்கள். இறந்த அத்தனை பேரும் சேவை நிறுவனத் தொழிலாளர்கள். இழப்புக் கணக்கைப் பார்க்கும் முன் இந்த எண்ணிக்கையை மனத்தில் நிறுத்த வேண்டும்.

4.2 பணம் எப்படிப் பிரிந்தது

2012 ஜனவரியில் நியூ ஆர்லியன்ஸ் கூட்டாட்சி நீதிமன்ற நீதிபதி கார்ல் பார்பியர் ஒப்பந்தக் கவசத்தைச் சோதித்துப் பார்த்தார். கடலடியில் தோன்றிய மாசுக்கான நட்டஈட்டை, டிரான்ஸ்ஓஷன் மிகை அலட்சியமாக நடந்திருந்தாலும்கூட, பி.பி.தான் ஏற்க வேண்டும் என்றார். அதே தீர்ப்பில், தண்டனையாக விதிக்கப்படும் நட்டஈட்டுக்கும் தூய நீர்ச் சட்டத்தின் கீழான அபராதத்துக்கும் அந்தக் கவசம் செல்லாது என்றும் கோடு கிழித்தார். ஹாலிபர்ட்டன் ஒப்பந்தத்துக்கும் இதே தர்க்கம் பொருந்தியது.

2014 செப்டம்பர் 4 அன்று தவறின் பங்கை அவர் பிரித்தார்: பி.பி. 67 விழுக்காடு, டிரான்ஸ்ஓஷன் 30, ஹாலிபர்ட்டன் 3. பி.பி.யின் நடத்தையை மிகை அலட்சியம் என்றும் மற்ற இருவருடையதை அலட்சியம் என்றும் வகைப்படுத்தினார். இரண்டு நாள் முன்புதான் ஹாலிபர்ட்டன் 110 கோடி டாலருக்கு இழப்பீட்டு உடன்பாடு செய்துகொண்டதை அறிவித்திருந்தது. டிரான்ஸ்ஓஷன் 2013இல் குற்றத்தை ஒப்புக்கொண்டு, குற்றவியல், உரிமையியல் தண்டங்களாக 140 கோடி டாலர் கட்ட இசைந்திருந்தது. பி.பி. அரசுகளுடன் 2015இல் செய்துகொண்ட உடன்பாடு மட்டும் 2,080 கோடி டாலர். கேமரூன் 2011இலேயே பி.பி.க்கு 25 கோடி டாலர் கொடுத்து விலகிக்கொண்டது.

இந்த எண்களை மட்டும் பார்த்தால் கவசம் வேலை செய்தது என்றே சொல்ல வேண்டும். நட்டஈட்டின் பெருஞ்சுமை கிணற்றை நடத்தியவரிடமே நின்றது. சேவை நிறுவனங்கள் அடிபட்டன, அழியவில்லை. காப்பீட்டிலும் ஒப்பந்தத்தின் வார்த்தைகளே முடிவுசெய்தன. டிரான்ஸ்ஓஷனின் காப்பீட்டில் கடலடி மாசுக்கு பி.பி. பங்கு கேட்க முடியாது என்று 2015இல் டெக்சஸ் உச்ச நீதிமன்றம் கூறியது.

4.3 கவசம் மறைக்காத இடங்கள்

மூன்று இடங்களில் கவசம் உதவவில்லை. முதலாவது, குற்றவியல் பொறுப்பு. விபத்துக்குப் பின் ஹாலிபர்ட்டன், 6 சென்ட்ரலைசருக்கும் 21க்கும் வேறுபாடு என்ன என்று கணினியில் கணித்துப் பார்த்தது. பெரிய வேறுபாடு இல்லை என்று முடிவு வந்தது. தன் அறிவுரையை பி.பி. கேட்காததே காரணம் என்ற நிறுவனத்தின் வாதத்துக்கு இது எதிராக இருந்தது. கணிப்புகள் அழிக்கப்பட்டன. சான்றை அழித்த குற்றத்தை 2013இல் ஒப்புக்கொண்ட நிறுவனத்துக்கு விதிக்கப்பட்ட அபராதம் 2 லட்சம் டாலர். மூன்றாண்டு நன்னடத்தைக் கண்காணிப்பும் இருந்தது. தொகை சிறிது. கணிப்பின் நேர்மையை விற்றுப் பிழைக்கும் நிறுவனத்துக்கு அந்த ஒப்புதல் வாக்குமூலம் சிறிதன்று.

இரண்டாவது, பிறர் விபத்தின் நிழல். 2010 மே மாதம் அமெரிக்க அரசு ஆழ்கடல் துளையிடலை நிறுத்திவைத்தது. 33 ரிக்குகளின் வேலை தடைப்பட்டது. மகோண்டோவோடு எந்தத் தொடர்பும் இல்லாத சேவை நிறுவனங்களும் படகோட்டிகளும் உணவு வழங்குவோரும் அக்டோபரில் தடை விலகும்வரை காத்திருந்தார்கள். வேறொருவர் கிணற்றில் நடந்த தவறுக்கு எதிராக எந்த ஒப்பந்தத்திலும் காப்பு எழுத முடியாது.

மூன்றாவது, ஒழுங்குமுறை அமைப்பு நேரே கதவைத் தட்டும் நிலை. 2011 அக்டோபரில் அமெரிக்கக் கடல்சார் பாதுகாப்புப் பணியகம் பி.பி.யோடு டிரான்ஸ்ஓஷனுக்கும் ஹாலிபர்ட்டனுக்கும் விதிமீறல் அறிவிப்பு அனுப்பியது. அதற்கு முன் ஒப்பந்தக்காரர்களுக்கு அது நேரடியாக அனுப்பியதில்லை. இந்த அதிகாரத்துக்கும் எல்லை உண்டு என்று பிறகு தெரிந்தது. 2012 நவம்பரில் பிளாக் எல்க் நிறுவனத்தின் கடல் எண்ணெய் மேடையில் நடந்த வெடிப்பில் பிலிப்பைன்ஸ் தொழிலாளர் மூவர் இறந்தனர். அவ்வழக்கில், அந்தக் கடல்சார் விதிகளின் கீழ் ஒப்பந்தக்காரர்களைக் குற்றவியல் முறையில் தண்டிக்க இயலாது என்று 2017இல் ஐந்தாம் வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சட்டம் இரண்டு பக்கமும் ஊசலாடும் இந்த நிலையே நிறுவனத்துக்கு ஓர் இடர். தொழிலாளிக்கு அது அதைவிடப் பெரியது. தன்னை வேலைக்கு அனுப்பியவர் விதிக்குக் கட்டுப்பட்டவரா என்பதே அவருக்கு நிச்சயமில்லை.

5. இரண்டு விளக்கங்கள்

மகோண்டோவை விளங்கிக்கொள்ள இரண்டு அதிகாரபூர்வ ஆவணங்கள் இருக்கின்றன. இரண்டும் வெவ்வேறு திசையில் செல்கின்றன.

பார்பியரின் தீர்ப்பு குற்றத்தை விழுக்காட்டில் பிரித்தது. நீதிமன்றத்தின் வேலை அது. யார் எவ்வளவு கட்ட வேண்டும் என்று சொல்லியாக வேண்டும். தேசிய ஆணையமோ தவறுகளின் வேர் ஒரு நிறுவனத்தோடு நிற்பதல்ல, அமைப்பு சார்ந்தது என்றது. தொழில் முழுவதன் பாதுகாப்புப் பண்பாட்டையே ஐயத்துக்குரியது என்றது. ஹாலிபர்ட்டன் அறிந்திருந்த சிமென்ட் சோதனை முடிவுகள் பி.பி.யின் முடிவெடுப்பில் உரிய இடம் பெறவில்லை. பி.பி. அறிந்திருந்த கிணற்றின் கடினங்கள் ரிக் ஊழியர்களுக்கு முழுதாகச் சென்று சேரவில்லை. ஒவ்வொருவரிடமும் ஒரு துண்டு இருந்தது. முழுப் படம் ஒருவரிடமும் இல்லை.

இரண்டு ஆவணங்களும் தத்தம் நோக்கத்தில் சரியே. ஆனால் ஒரு சேவை நிறுவனத்தின் இடரை அறிய விழுக்காட்டை மட்டும் எடுத்துக்கொள்வது தவறான முடிவுக்கு இட்டுச் செல்லும். 3 விழுக்காட்டுத் தவறு என்றால் 3 விழுக்காட்டுக் கவனம் போதும் என்றாகாது. சிமென்ட் பிடித்திருந்தால் மற்ற 97 விழுக்காட்டுக்கு வாய்ப்பே இருந்திராது. அழுத்தச் சோதனையைச் சரியாகப் படித்திருந்தால் சிமென்டின் குறை உயிரைப் பறித்திராது. தடைகள் அடுக்கடுக்காக இருக்கும் வேலையில், ஒவ்வொரு தடையின் பொறுப்பாளரும் தம் தடைதான் கடைசி என்று எண்ணி நடக்க வேண்டும். பொறுப்புப் பங்கீடு அதற்கு எதிரான எண்ணத்தை ஊட்டுகிறது: நமக்குப் பின்னால் இன்னொருவர் இருக்கிறார், நட்டஈடும் அவருடையது.

ஒப்பந்தம்தான் விபத்தை உண்டாக்கியது என்பது என் வாதமன்று. அப்படிச் சொல்லச் சான்றில்லை. அதே வகை ஒப்பந்தங்களின் கீழ் ஆயிரக்கணக்கான கிணறுகள் பாதுகாப்பாகத் துளையிடப்பட்டிருக்கின்றன. ஒப்பந்தம் இழப்பைப் பங்கிடும்போது கண்காணிப்பும் சேர்ந்தே சிதறுகிறது. அந்தச் சிதறலை ஈடுகட்டத் தனி முயற்சி தேவை. அம்முயற்சிக்கு ஒப்பந்தத்தில் விலை குறிக்கப்படுவதில்லை. சான்றுகள் தாங்கும் அளவு இவ்வளவே.

6. விலைச் சுழற்சி: கவசமே இல்லாத இடர்

விபத்தைக் காட்டிலும் அடிக்கடி வருவதும் அகலமாகத் தாக்குவதும் விலைச் சரிவு. 2014 ஜூனில் பீப்பாய் 115 டாலரைத் தொட்ட பிரெண்ட் எண்ணெய் 2016 ஜனவரியில் 30 டாலருக்கும் கீழே இறங்கியது. அமெரிக்காவில் 2014இன் பிற்பகுதியில் 1,900க்கும் மேற்பட்ட ரிக்குகள் வேலையில் இருந்தன. 2016 மே மாதம் 404. எண்ணெய் உள்ள நிறுவனத்துக்கு ஏற்கெனவே ஓடும் கிணறுகளிலிருந்து குறைந்த விலைக்காவது வருவாய் வரும். புதுக் கிணற்றை நம்பிய சேவை நிறுவனத்துக்கு வேலையே நின்றுபோகிறது. விலை பாதியாகும்போது அதன் சந்தை பாதிக்கும் கீழே போவது இதனால்தான்.

ஹாலிபர்ட்டன் ஊழியர் எண்ணிக்கை 2014 இறுதியில் 80,000க்கு மேல். 2016 இறுதியில் சுமார் 50,000. 2019இல் இன்னொரு சேவை நிறுவனமான வெதர்ஃபோர்டு திவால் பாதுகாப்பு கோரியது. 2020இல் பெருந்தொற்றோடு வந்த சரிவில் டைமண்ட் ஆஃப்ஷோர், நோபிள், வலாரிஸ் ஆகிய ரிக் நிறுவனங்கள் அடுத்தடுத்து அதே வழியில் சென்றன. மகோண்டோ விபத்தின் பத்தாம் ஆண்டு நாளான 2020 ஏப்ரல் 20 அன்று, அமெரிக்க எண்ணெயின் முன்பேர விலை பூச்சியத்துக்கும் கீழே 37.63 டாலருக்கு இறங்கியது. அதே ஆண்டு ஷ்லம்பர்ஜர் 21,000க்கும் மேற்பட்ட வேலைகளை நீக்குவதாக அறிவித்தது.

இங்கே ஒப்பந்தம் கைகொடுப்பதில்லை. சரிவு வந்தால் வாடிக்கையாளர் கட்டணத்தைக் குறைக்கக் கேட்கிறார், வேலையைத் தள்ளிவைக்கிறார். நீண்ட கால ரிக் ஒப்பந்தங்களில்கூட ரத்துக் கட்டணம் கொடுத்து வெளியேற வழி உண்டு. நிறுவனம் அந்த அடியைத் தன் ஊழியர்மேல் இறக்குகிறது. பத்தாண்டு அனுபவமுள்ள சிமென்ட் பொறியாளர் வேறு தொழிலுக்குப் போய்விட்டால், விலை மீண்டதும் அவர் திரும்பி வருவார் என்ற உறுதி இல்லை. ஆண்டறிக்கையில் ‘தகுதியான ஆட்கள் கிடைக்காமை’ என்று தனியே நிற்கும் இடர், நிறுவனமே முந்தைய சரிவில் விதைத்தது.

செலவு நெருக்கம் சரிவுக் காலத்தில் மட்டும் வருவதில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். மகோண்டோ நடந்தபோது எண்ணெய் விலை நல்ல நிலையில், 80 டாலரை ஒட்டி இருந்தது. அங்கே நெருக்கியது நாள் வாடகை. விலை உயர்ந்தால் ரிக் வாடகையும் உயர்கிறது. வாடகை உயர்ந்தால் ஒவ்வொரு மணி நேரமும் விலை மிக்கதாகிறது. தாழ்வில் ஆளைக் குறைக்கும் அழுத்தமும் ஏற்றத்தில் நேரத்தைக் குறைக்கும் அழுத்தமும் ஒரே இடத்தில், கிணற்றடியில் இருப்பவர்மேல், வந்து சேர்கின்றன.

7. அரசியல், வாராக்கடன், சொந்த முடிவுகள்

வெளிநாட்டு இடர்களைச் சுருக்கமாகப் பார்க்கலாம். வெனிசுவேலாவின் அரசு எண்ணெய் நிறுவனம் பணம் கட்டத் தவறியபோதும் சேவை நிறுவனங்கள் வேலையைத் தொடர்ந்தன. நடைமுறையில் கடன் கொடுத்தவர்களாக மாறின. 2017இன் கடைசிக் காலாண்டில் ஷ்லம்பர்ஜர் அங்கே 93.8 கோடி டாலரைக் கணக்கிலிருந்து கழித்தது. ஈரான், சூடான் தடைகளை மீறியதற்காக அதன் துணை நிறுவனம் 2015இல் 23 கோடி டாலருக்கு மேல் தண்டம் கட்ட ஒப்புக்கொண்டது. உக்ரைன் போருக்குப் பின் 2022இல் ஹாலிபர்ட்டன் தன் ரஷ்யத் தொழிலை உள்ளூர் மேலாளர்களிடம் விற்று வெளியேறியது.

இவற்றோடு சேர்த்து எண்ண வேண்டிய இன்னொன்று, நிறுவனத்தின் சொந்த முடிவு. ஹாலிபர்ட்டன் 2014 நவம்பரில் போட்டியாளரான பேக்கர் ஹியூஸை சுமார் 3,460 கோடி டாலருக்கு வாங்குவதாக அறிவித்தது. போட்டி குறையும் என்று அமெரிக்க நீதித்துறை வழக்குத் தொடுத்தது. 2016 மே மாதம் உடன்பாடு கைவிடப்பட்டு, பேக்கர் ஹியூஸுக்கு 350 கோடி டாலர் முறிவுக் கட்டணம் கட்டப்பட்டது. மகோண்டோவுக்காக ஹாலிபர்ட்டன் ஒப்புக்கொண்ட 110 கோடியின் மூன்று மடங்குக்கும் மேல் இது.

இந்த ஒப்பீடு இரண்டு உண்மைகளைக் காட்டுகிறது. பங்குதாரர் பார்வையில், இயக்குநர் குழு எடுத்த ஒரு வணிக முடிவு வரலாற்றின் பெரும் எண்ணெய்க் கசிவுகளுள் ஒன்றைவிட அதிகச் செலவு வைத்திருக்கிறது. விபத்து இடரைப் பணமாகப் பார்த்தால் கவசம் நன்றாகவே வேலை செய்திருக்கிறது. அதே காரணத்தால், பணத்தை மட்டும் அளவுகோலாகக் கொண்டால் 11 உயிர் போன கிணறு, கைகூடாத நிறுவன இணைப்பைவிடச் சிறிய நிகழ்வாகத் தெரிகிறது. அளவுகோல் தவறென்று காட்ட இதற்கு மேல் சான்று வேண்டாம்.

8. பாக்ஜான்: நம் நாட்டுச் சான்று

2020 மே 27 அன்று அஸ்ஸாமின் தின்சுகியா மாவட்டத்தில் ஆயில் இந்தியா நிறுவனத்தின் பாக்ஜான்-5 எரிவாயுக் கிணறு பீறிட்டது. அப்போது ஒரு தனியார் ஒப்பந்த நிறுவனத்தின் ரிக்கைக் கொண்டு பராமரிப்பு வேலை நடந்துகொண்டிருந்தது. ஜூன் 9 அன்று தீப்பற்றியது. ஆயில் இந்தியாவின் தீயணைப்பு வீரர் இருவர் இறந்தனர். திப்ரு-சைகோவா தேசியப் பூங்காவுக்கும் மாகுரி-மொடாபுங் ஈரநிலத்துக்கும் அருகில் இருந்த கிணறு அது. ஆயிரக்கணக்கானோர் வீட்டைவிட்டு முகாம்களுக்குச் சென்றனர். நவம்பர் 15 அன்றுதான் கிணறு முழுதாக அடக்கப்பட்டது.

தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் அமைத்த குழுவின் முதல்நிலை அறிக்கை, உறுதிசெய்து சோதித்த இரண்டாம் தடை இல்லாமல் பீறிடல் தடுப்பானை அகற்றுவதன் தீவிரம் உணரப்படவில்லை என்றது. முக்கியமான வேலையின்போது போதிய மேற்பார்வை ஒப்பந்தக்காரர் பக்கத்திலும் இல்லை, ஆயில் இந்தியா பக்கத்திலும் இல்லை என்றும் சொன்னது. கடல் வேறு, நிலம் வேறு. தனியார் பன்னாட்டு நிறுவனம் வேறு, இந்தியப் பொதுத்துறை வேறு. எனினும் கண்ட குறை ஒன்றே: ஒரு தடை நீங்கும் நேரத்தில் அடுத்த தடையை யார் உறுதிசெய்கிறார் என்பதற்கு இரண்டு நிறுவனங்களின் நடுவே தெளிவான ஆள் இல்லை. மகோண்டோ ஒரு தனி நிகழ்வு என்று ஒதுக்கிவிட முடியாது என்பதற்கு இது போதும்.

9. முடிவுகள்

தொடக்கக் கேள்விக்கு மூன்று விடைகள் கிடைக்கின்றன. ஒன்று, நட்டஈடு என்ற அளவில் பொறுப்புப் பங்கீட்டு ஒப்பந்தம் சேவை நிறுவனத்தை உண்மையாகவே காக்கிறது. பயனடைபவர் சுமையேற்பது என்ற அளவில் அது நியாயமும்கூட. இரண்டு, தண்டம், குற்றவியல் பொறுப்பு, பிறர் விபத்தால் வரும் தடை, விலைச் சரிவு ஆகியவற்றில் அதற்குக் காப்பு இல்லை; நிறுவனங்களை வீழ்த்துவதில் இவற்றுள் முதலிடம் விலைச் சரிவுக்கே. மூன்று, கிணற்றடித் தொழிலாளியின் உயிருக்கும் வேலைக்கும் உள்ள இடரை அது குறைப்பதே இல்லை. நிறுவனங்கள் தமக்குள் பணத்தை எப்படி மாற்றிக்கொண்டாலும் அவர் நிற்கும் இடம் மாறுவதில்லை.

இதிலிருந்து நடைமுறைக்கு வேண்டியவை சில. இடர் அறிக்கைகள் ஓர் இடர் இன்னொன்றை எப்படி வளர்க்கிறது என்று சொல்ல வேண்டும். சரிவில் எத்தனை அனுபவசாலிகளை இழந்தோம் என்ற கணக்கு, கடன் கணக்குக்குச் சமமான செய்தி. பாதுகாப்புக்காக வேலையை நிறுத்தும் உரிமை சேவை நிறுவனத்துக்கு ஒப்பந்தத்திலேயே இருக்க வேண்டும். நிறுத்திய நேரத்துக்கும் நாள் வாடகை உண்டு என்று எழுதினால்தான் அந்த உரிமைக்குப் பொருள் உண்டு. சோதனை முடிவுகளை ஒரு நிறுவனம் இன்னொன்றுக்குத் தெரிவிப்பது தயவாக இல்லாமல் கடமையாக வேண்டும். தடையை அகற்றும் ஒவ்வொரு வேலைக்கும் இருதரப்புக்கும் பொதுவான ஒரு பொறுப்பாளர் பெயர் எழுதப்பட வேண்டும். ஒழுங்குமுறை அமைப்புகள் ஒப்பந்தக்காரரை நேரடியாகக் கேள்வி கேட்கும் அதிகாரத்தைச் சட்டத்தில் தெளிவாகப் பெற வேண்டும்.

இவை செலவுள்ள ஏற்பாடுகள். மகோண்டோவில் செய்யாமல் விட்ட ஒரு சோதனையின் விலை 1.28 லட்சம் டாலர் என்பதை நினைத்தால், அந்தச் செலவை யார் ஏற்பது என்று பேரம் பேசுவதைவிட, அதை ஒப்பந்தத்தின் முதல் பக்கத்திலேயே எழுதிவிடுவது எல்லாத் தரப்புக்கும் மலிவு. சேவை நிறுவனம் விற்பது கவனத்தை. அந்தக் கவனத்தைப் பேரத்தில் குறைக்க இடம் தராத ஒப்பந்தமே அதன் உண்மையான கவசம்.